முயலுக்கு மூன்று கால்

“தான் பிடித்த முயலுக்கு மூன்றே கால்” என்பது நம் நாட்டுப் பழமொழி. முயலுக்குக் கால்கள் நான்கு என்பதைச் சிறு குழந்தையும் அறியும். அங்ஙனமிருக்க, மூன்றே என்று வாதாடுபவன் யார்? அவன் முயலையே காணாதவன் அல்லன். அதைக் கையில் பிடித்துக்கொண்டு நிற்பவனே ஆவான். பழமொழியின் நுட்பம் இங்கேதான் இருக்கிறது. அவனுக்குக் கண் உண்டு; எண்ணவும் தெரியும். ஆயினும் ‘நான் பிடித்தது’ என்னும் எண்ணம் நான்காவது காலை மறைத்துவிடுகிறது.

அறியாமை வேறு, பேதைமை வேறு. நிலவு எவ்வளவு தொலைவில் உள்ளது என்று ஒரு மாணவனுக்குத் தெரியாவிட்டால் அது அறியாமை. ஆசிரியர் சொன்னால் அது நீங்கிவிடும். உண்மை கண்ணெதிரே நின்றும் அதனை உள்ளே விடாமல் கதவை அடைத்துக்கொள்வதே பேதைமை. படிக்காதவர்க்கே அது வரும் என்று நாம் எண்ணுகிறோம். உளநூலார் அங்ஙனம் கருதுவதில்லை. கூர்மையான அறிவு படைத்தோர் கூட்டமாகக் கூடிநின்று ஏமாந்த நிகழ்ச்சிகள் பல உண்டு. அவற்றுள் ஒன்று ஒரு குதிரையைப் பற்றியது.

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஜெர்மனி நாட்டின் தலைநகரான பெர்லினில் ஃபான் ஆஸ்டன் என்னும் முதியவர் வாழ்ந்துவந்தார். அவர் பள்ளியில் கணக்குக் கற்பித்து ஓய்வு பெற்றவர். விலங்குகளுக்கும் முறையாகக் கற்பித்தால் மனிதரைப்போல் அறிவு வளரும் என்பது அவருடைய உறுதியான நம்பிக்கை. ஆகவே ஹான்ஸ் என்னும் குதிரை ஒன்றை வாங்கி, வீட்டு முற்றத்தில் கரும்பலகை வைத்து, சிறுவருக்குப் பாடம் சொல்வதுபோலவே பல ஆண்டுகள் அதற்குப் பாடம் சொன்னார். குதிரையும் கற்றுக்கொண்டதாகவே தோன்றியது. “ஐந்தும் மூன்றும் எத்தனை?” என்று கேட்டால், வலது முன்காலால் தரையை எட்டு முறை தட்டி நிறுத்தும். பின்னங்களைக் கூட்டும், நாள்காட்டியில் இன்ன கிழமைக்கு இன்ன தேதி என்று சொல்லும், கடிகாரம் பார்த்து மணி கூறும். எழுத்துகளுக்கு எண் குறித்த பலகையைக் கொண்டு சொற்களைக்கூட எழுத்துக்கூட்டிக் காட்டும். பெர்லின் மக்கள் திரளாக வந்து பார்த்தனர். முதியவர் ஒருவரிடமும் காசு வாங்கவில்லை. இஃது ஏமாற்று வித்தை அன்று என்று மக்கள் நம்புவதற்கு இதுவும் ஒரு காரணமாயிற்று.

1904-ஆம் ஆண்டில் இதனை ஆராய 13 பேர் அடங்கிய குழு ஒன்று கூடியது. புகழ்பெற்ற உளநூல் பேராசிரியர் கார்ல் ஸ்டும்ப் அதனை நடத்தினார். கால்நடை மருத்துவர், குதிரைப்படை அதிகாரி, பள்ளி ஆசிரியர், சர்க்கஸ் நடத்துபவர் எனப் பல துறையினரும் அதில் இருந்தனர். விலங்குகளைக் கொண்டு செய்யும் தந்திரங்கள் அனைத்தையும் அறிந்தவர் சர்க்கஸ்காரர். அவர் கண்ணுக்கும் ஒரு தந்திரமும் புலப்படவில்லை. ஆஸ்டன் வெளியே போன பின்னரும், வேறொருவர் கேட்டாலும், குதிரை விடை சொன்னது. ஏமாற்று எதுவும் இல்லை என்று குழு அறிக்கை தந்தது. அந்த அறிக்கையில் பொய் ஒன்றும் இல்லை. உண்மையாகவே எவரும் எவரையும் ஏமாற்றவில்லை. ஆனால், கேட்க வேண்டிய கேள்வி ஒன்றை அவர்கள் இன்னும் கேட்டிருக்கவில்லை.

அதனைக் கேட்டவர் ஸ்டும்பின் மாணவரான ஆஸ்கார் ஃபுங்ஸ்ட் என்னும் இளைஞர். ‘குதிரைக்கு விடை தெரியுமா?’ என்று எல்லாரும் ஆராய்ந்துகொண்டிருக்க, அவர் ‘கேட்பவருக்கு விடை தெரியாவிட்டால் என்ன ஆகும்?’ என்று எண்ணினார். எண்கள் எழுதிய அட்டைகளைத் தயார் செய்தார். கேட்பவர் அட்டையைப் பார்த்தபின் குதிரைக்குக் காட்டியபோது விடை பெரும்பாலும் சரியாகவே இருந்தது. அவர் பாராமலே அட்டையை நீட்டியபோதோ, நூற்றில் பத்துக்கும் குறைவான விடைகளே சரியாயின. குதிரையின் கண்களுக்குப் பக்கத்தில் பெரிய தோல் மறைப்புகளைக் கட்டி, கேட்பவரை அது காணாதபடி செய்தபோதும் அதே கதிதான். பாவம், அவரைப் பார்த்துவிடக் குதிரை தலையைத் திருப்பித் திருப்பி முயன்றதாம்!

உண்மை வெளியாயிற்று. கேள்வி கேட்டவர் விடையை எதிர்பார்த்துக் குதிரையின் குளம்பைப் பார்க்கச் சற்றே குனிவார். அதைக் கண்டதும் குதிரை தட்டத் தொடங்கும். தட்டல் சரியான எண்ணை எட்டியதும், அவரையும் அறியாமல் அவர் தலை இம்மியளவு நிமிரும், குதிரை நிறுத்திவிடும். கணக்கும் நாள்காட்டியும் அதற்குத் தெரியா. மனிதரின் தலையசைவை மட்டும் அது மனிதரைவிட நன்றாகப் படித்திருந்தது. என் கருத்தில், இக்கதையில் மிகக் கூரிய அறிவு வாய்ந்தது குதிரையே.

ஃபுங்ஸ்ட் தம் ஆராய்ச்சியை 1907-இல் நூலாக வெளியிட்டார். ஆஸ்டன் மனம் மாறினாரா? இல்லை. குதிரையைத் தொடர்ந்து சோதிக்க அவர் இடங்கொடுக்கவில்லை. 1909-இல் அவர் இறந்த பிறகு அந்தக் குதிரையைப் பெற்றுக்கொண்ட ஒரு வணிகர், விலங்குகளுக்குக் கணக்கு வரும் என்று மேலும் சில ஆண்டுகள் எழுதிக்கொண்டிருந்தார். முயலின் கால் இன்னும் மூன்றாகவே இருந்தது.

இனி, இங்ஙனம் ஏமாறுவதற்கு மனத்தின் இயல்பில் என்ன காரணம் உள்ளது என்று பார்ப்போம். அதற்கு வெகுதொலைவு போக வேண்டியதில்லை. நீங்கள் எழுதிய கட்டுரையை நீங்களே மூன்று முறை படித்துப் பாருங்கள். பிழை ஒன்றும் இல்லை என்று தோன்றும். அதனையே பக்கத்து இருக்கையில் உள்ள நண்பனிடம் கொடுத்தால், முதல் வரியிலேயே விடுபட்ட எழுத்தைக் காட்டிவிடுவான். அவன் உங்களைவிடத் தமிழில் வல்லவன் என்பது பொருள் அன்று. உங்கள் மனம் தாளில் உள்ளதைப் படிக்கவில்லை. தான் எழுத நினைத்ததைப் படித்தது. அச்சகங்களில் மெய்ப்புத் திருத்தும் பணியை நூலாசிரியரிடம் மட்டும் விடாமல் வேறொருவருக்கும் கொடுப்பது இதனால்தான்.

இது மனத்தின் குறை மட்டும் அன்று. அதன் திறமையும் இதுவே. எழுத்தெழுத்தாகக் கூட்டிப் படித்துக்கொண்டிருந்தால் ஒரு பக்கத்தைப் படிக்க ஒரு நாள் ஆகும். மாலை மங்கலில் தெருமுனையில் வருபவர் தந்தை என்று, முகம் தெரியும் முன்பே நடையைக் கொண்டு அறிந்துகொள்கிறோம். பாதியைக் கண்டு மீதியை நிரப்பிக்கொள்ளும் இந்த ஆற்றல் இல்லையேல் உலகில் ஒரு நாளும் வாழ முடியாது. பெரும்பாலும் அது சரியாகவே நிரப்புகிறது. தவறாக நிரப்பும்போது, ‘இது நான் நிரப்பியது’ என்று சொல்லாமல், ‘இது நான் கண்டது’ என்று சொல்லிவிடுகிறது. அங்கேதான் இடர் தொடங்குகிறது.

நினைவும் இதற்குத் துணை போகிறது. காக்கை உட்காரப் பனம்பழம் விழுந்த கதையை எல்லாரும் சொல்கிறோம். காக்கை உட்கார்ந்தும் பழம் விழாத நாள்களையும், காக்கை வராமலே பழம் விழுந்த நாள்களையும் எவன் கணக்கு வைத்தான்? ஒரு குறிப்பிட்ட பேனாவால் எழுதிய தேர்வில் நல்ல மதிப்பெண் வந்தால், அந்தப் பேனா நற்பேறு உடையது என்று நம்புகிற மாணவனை நாம் அறிவோம். அதே பேனாவால் அவன் எழுதிக் குறைந்த மதிப்பெண் பெற்ற தேர்வைப் பற்றிக் கேட்டால், “அன்று வினாத்தாள் கடினம்” என்பான். பேனாவுக்கு எதிராக எந்தச் சான்றும் நீதிமன்றம் ஏற முடியாது!

நம்பிக்கையைச் சோதிக்கும்போதுகூட மனம் ஒருபுறமே சாய்கிறது என்பதைக் காட்ட, பீட்டர் வேசன் என்னும் ஆங்கில உளநூலார் லண்டனில் ஓர் எளிய சோதனையை நடத்தி 1960-இல் வெளியிட்டார். நீங்களும் வீட்டில் செய்து பார்க்கலாம். 2, 4, 6 என்னும் மூன்று எண்களை அவர் கொடுத்தார். “இவை நான் மனத்தில் வைத்துள்ள ஒரு விதிக்கு உட்பட்டவை. நீங்கள் வேறு மூன்று மூன்று எண்களாகச் சொல்லிக்கொண்டே வாருங்கள். அவை விதிக்குப் பொருந்துமா பொருந்தாவா என்று சொல்வேன். விதி இன்னது என்று உறுதியாகத் தெரிந்தபின் அதனைக் கூறுங்கள்” என்றார்.

பலர் என்ன செய்தனர்? “8, 10, 12” என்றனர். பொருந்தும் என்றார். “14, 16, 18” என்றனர். அதுவும் பொருந்தும். “20, 22, 24.” பொருந்தும். உடனே, “இரண்டிரண்டாகக் கூடிச் செல்லும் எண்கள்; இதுவே விதி” என்றனர். “அன்று” என்றார் வேசன். அவர் மனத்திலிருந்த விதி மிக எளியது: ஒன்றைவிட ஒன்று பெரிதாக அமைந்த எந்த மூன்று எண்களும் பொருந்தும். 1, 7, 40 என்றாலும் சரியே. சோதனைக்கு வந்த 29 மாணவருள் முதல் முயற்சியிலேயே விதியைச் சரியாகச் சொன்னவர் 6 பேரே. அனைவரும் பல்கலைக்கழகத்தில் படித்தவர்கள். கூட்டத் தெரியாதவர்கள் அல்லர். தம் கருத்துக்குப் பொருந்தும் எண்களையே அவர்கள் மேலும் மேலும் கேட்டனர். பொருந்தாது என்று தாம் கருதிய மூன்று எண்களை, எடுத்துக்காட்டாக 5, 6, 7 என்பதை, ஒரு முறை கேட்டுப் பார்த்திருந்தால் போதும். ‘ஆம்’ என்ற விடை நூறு கிடைத்தாலும் கற்பிக்காததை, எதிர்பாராத ஒரே விடை அங்கே கற்பித்திருக்கும்.

பெர்லின் குழுவினர் செய்த பிழையும் இத்தகையதே. ஆனால் அவர்களை ஏளனம் செய்யுமுன், அதே காலத்தில் பிரான்சு நாட்டில் நடந்ததையும் கேட்க வேண்டும்.

1895-இல் ரான்ட்கன் எக்ஸ்-கதிரைக் கண்டுபிடித்த பிறகு, புதிய கதிர்களைத் தேடும் ஆர்வம் அறிவியல் உலகெங்கும் பரவியிருந்தது. 1903-இல் நான்சி நகரத்துப் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த பிளாந்த்லோ என்னும் சிறந்த இயற்பியல் அறிஞர், தாமும் ஒரு புதிய கதிரைக் கண்டதாக அறிவித்து, தம் நகரத்தின் பெயரால் அதற்கு ‘என்-கதிர்’ என்று பெயரிட்டார். இருட்டறையில் சிறு மின்பொறியோ மங்கலாக ஒளிரும் பூச்சோ அக்கதிர் பட்டதும் சற்றே கூடுதலாக ஒளிரும் என்றார். அந்த ஒளி மாற்றம் மிகச் சிறியது. உற்று நோக்கிப் பழகிய கண்ணுக்கே தெரியும் என்றும் கூறினார். நூற்றுக்கு மேற்பட்டோர் அதனைத் தாமும் கண்டதாகச் சொன்னார்கள். ஏறத்தாழ 300 கட்டுரைகள் வெளிவந்தன. மனித உடலின் நரம்பிலிருந்தும் தசையிலிருந்தும் அது வெளிப்படுவதாகவும் ஒருவர் எழுதினார். ஆனால் பிற நாடுகளில் பலருக்கு அஃது ஒன்றும் தெரியவில்லை.

1904-இல் அமெரிக்க இயற்பியலார் ராபர்ட் உட் நான்சிக்கு நேரில் சென்றார். இருட்டறையில் அலுமினிய முப்பட்டகம் ஒன்றின் வழியே கதிர் வளைந்து சென்று எங்கெங்கே விழுகிறது என்று அளந்து காட்டினர். உட் அவ்விருளில் ஓசைப்படாமல் முப்பட்டகத்தை எடுத்துவிட்டார். அளவுகள் முன்போலவே வந்தன! கதிரை வளைக்கும் பொருளே அங்கு இல்லை. ஆயினும் வளைந்த கதிரை அவர்கள் கண்டார்கள். உட் இதனை அறிவியல் இதழில் எழுதிய பிறகு, என்-கதிர் சிறிது காலத்தில் மறைந்துபோயிற்று.

பிளாந்த்லோ பொய்யர் அல்லர். மின்னலைகளைப் பற்றி அவர் முன்னரே செய்திருந்த ஆராய்ச்சிகள் மதிப்புடையவை. மங்கலான பொருளை எதிர்பார்ப்போடு நோக்கிய கண், கேட்டதைக் கொடுத்தது. ஒருவர் கண்டார் என்றதும் அடுத்தவருக்கும் காண்பது எளிதாயிற்று. ‘எனக்குத் தெரியவில்லை’ என்று சொல்பவன் ‘உன் கண் பழகவில்லை’ என்ற விடையைப் பெற்றான். தனக்குத் தெரியாததைத் தெரியவில்லை என்று கூட்டத்தின் நடுவே சொல்வதற்கு எவ்வளவு துணிவு வேண்டும் என்பது வகுப்பறையில் அமர்ந்திருக்கும் உங்களுக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை.

குதிரையை நம்பியதாலும் இல்லாத கதிரைக் கண்டதாலும் எவரும் உயிர் இழக்கவில்லை. இப்போது சொல்லப்போவது அத்தகையது அன்று.

ஆஸ்திரியா நாட்டின் தலைநகர் வியன்னாவில் உள்ள பெரிய பொது மருத்துவமனையில் பிள்ளைப்பேற்றுக்கென இரண்டு பிரிவுகள் இருந்தன. முதற்பிரிவில் மருத்துவ மாணவர்களும், இரண்டாம் பிரிவில் மருத்துவச்சிகளும் பயின்றனர். இரண்டிலும் தாய்மார்கள் பிரசவக் காய்ச்சலால் இறந்தனர். ஆனால் 1846-இல் முதற்பிரிவில் நூற்றுக்கு 11 பேருக்கு மேலும், இரண்டாம் பிரிவில் மூவருக்கும் குறைவாகவும் இறந்தனர். இது நகரத்துப் பெண்கள் அனைவரும் அறிந்த செய்தி. முதற்பிரிவில் தங்களைச் சேர்க்க வேண்டாம் என்று அவர்கள் கண்ணீர்விட்டுக் கெஞ்சினார்கள். படிப்பறியாத அப்பெண்கள் கண்ட உண்மை, பேராசிரியர்களின் கண்ணுக்கு உண்மையாகத் தோன்றவில்லை. காற்றில் கலந்த நச்சு என்றார் ஒருவர். பெண்களின் அச்சமே நோய்க்குக் காரணம் என்றார் மற்றொருவர். ஒரே கூரையின்கீழ் உள்ள இரு பிரிவுகளில் காற்று மட்டும் எங்ஙனம் வேறுபடும்?

அங்குப் பணியாற்றிய செம்மல்வைஸ் என்னும் இளைய மருத்துவரை இக்கேள்வி உறங்கவிடவில்லை. 1847-இல் அவருடைய நண்பரான கொலெட்ச்கா என்னும் மருத்துவர், பிண ஆய்வின்போது மாணவர் ஒருவரின் கத்தி தவறிக் கையில் பட்டதால் நோயுற்று இறந்தார். இறந்தவரின் உடலில் காணப்பட்ட மாற்றங்கள், காய்ச்சலில் இறந்த தாய்மார்களின் உடலில் கண்டவற்றையே ஒத்திருந்தன. செம்மல்வைஸுக்கு உண்மை பளிச்சிட்டது. மருத்துவரும் மாணவரும் பிணங்களை அறுத்து ஆராய்ந்துவிட்டு, அதே கையோடு பிரசவ அறைக்கு வருகின்றனர். மருத்துவச்சிகளுக்குப் பிண ஆய்வு இல்லை. நோயைக் கொண்டுவருவது மருத்துவரின் கையே! அவ்வாண்டு மே மாதத்தின் நடுவில், சலவைத்தூள் கரைத்த நீரில் கை கழுவாமல் எவரும் உள்ளே வரக்கூடாது என்று ஆணையிட்டார். ஏப்ரல் மாதத்தில் நூற்றுக்கு 18-க்கு மேல் இருந்த சாவு, ஜூன் மாதத்தில் நூற்றுக்கு 2 என்ற அளவுக்கு இறங்கிற்று.

கணக்கு இவ்வளவு தெளிவாக இருந்தும் பெருமருத்துவர் பலர் அதனை ஏற்கவில்லை. ஏன்? இங்கே நாம் சற்று நின்று எண்ண வேண்டும். நோய்க்கிருமிகளைப் பற்றிய அறிவு அக்காலத்தில் இல்லை என்பது உண்மையே; கண்ணுக்குத் தெரியாத ஒன்று கையில் ஒட்டி உயிரைக் கொல்லும் என்பதை நம்புவது எளிதன்று. செம்மல்வைஸும் தம் கண்டுபிடிப்பை நூலாக எழுத 1861 வரை காலம் தாழ்த்தினார். எழுதியபின் மறுத்தோரைக் கடுஞ்சொற்களால் தாக்கினார். இவையெல்லாம் காரணங்களே. ஆனால் இவற்றுக்கு அடியில் வேறொன்றும் கிடந்தது. கை கழுவினால் தாய் பிழைப்பாள் என்று ஒரு மருத்துவர் ஒப்புக்கொண்டால், இதுவரை இறந்த தாய்மார்கள் என் கையால் இறந்தனர் என்பதையும் அவர் ஒப்புக்கொள்ள வேண்டும். இருபது ஆண்டு பணி செய்த, நல்ல மனம் படைத்த மனிதருக்கு அது தாங்கக்கூடிய சுமையா? கல்நெஞ்சராக இருந்திருந்தால் ஒருவேளை எளிதில் ஒப்புக்கொண்டிருப்பார். ‘நான் நல்லவன்’, ‘நான் செய்தது தீங்கு’ என்னும் இரண்டு எண்ணங்கள் ஓர் உள்ளத்தில் சேர்ந்து வாழ்வது அரிது. அவை மோதும்போது உண்டாகும் வேதனையைத் தணிக்க, மனம் எளிதாக மாற்றக்கூடிய எண்ணத்தை மாற்றிக்கொள்ளும் என்பதை 1957-இல் லியான் ஃபெஸ்டிங்கர் என்னும் அமெரிக்க உளநூலார் ஒரு கொள்கையாகவே வகுத்தார். நடந்ததை மாற்ற முடியாது. ஆகவே நடந்ததன் பொருளை மாற்றிக்கொள்கிறோம். “காற்றில் நச்சு” என்ற விடை அம்மருத்துவர்களுக்கு ஆராய்ச்சி முடிவு மட்டும் அன்று. அஃது உறக்கத்துக்குத் துணை. அதன் விலையைத் தாய்மார்கள் கொடுத்தார்கள்.

செம்மல்வைஸ் 1865-இல் மனநோய் விடுதி ஒன்றில் இறந்தார். காய்ச்சலுக்குக் காரணமான கிருமியைப் பாஸ்டர் 1879-இல் பிரான்சில் எடுத்துக் காட்டினார்.

தான் ஏமாறுகிறோம் என்பதை ஒருவன் தனக்குள்ளேயே உற்று நோக்கிக் கண்டுகொள்ள முடியுமா? பெரும்பாலும் முடியாது, ஏனெனில் நோக்குகின்ற கண்ணே சாய்ந்திருக்கிறது. இதனை உணர்ந்த அறிவியலார், மனத்தைத் திருத்த முயல்வதைவிட அதன் கண்ணைக் கட்டிவிடுவதே எளிது என்று கண்டுகொண்டனர். இன்று புதிய மருந்து ஒன்றைச் சோதிக்கும்போது, நோயாளருள் சிலருக்கு மருந்தையும், மற்றவர்க்கு மருந்துபோலவே தோன்றும் வெறும் மாத்திரையையும் கொடுப்பர். எவருக்கு எது கிடைத்தது என்பது நோயாளருக்கும் தெரியாது. கொடுக்கும் மருத்துவருக்கும் தெரியாது. ஆராய்ச்சி முடிந்த பின்னரே மறைத்து வைத்த பட்டியலைப் பிரிப்பார்கள். பொதுத் தேர்வில் விடைத்தாளைத் திருத்துபவருக்கு மாணவரின் பெயர் தெரியாதபடி செய்வதும் இம்முறையைச் சேர்ந்ததே. திருத்தும் ஆசிரியர் நேர்மையற்றவர் என்பது இதற்குப் பொருள் அன்று. நேர்மையானவரின் கையும் தெரிந்த பெயரைக் கண்டால் சற்றே தாராளம் காட்டும்.

இம்முறையை மறந்த இடங்களில் ஹான்ஸ் இன்னும் உயிரோடு இருக்கிறது. 2011-இல் அமெரிக்காவில் வெளியான ஓர் ஆராய்ச்சியில், மோப்ப நாய்களை நடத்தும் 18 பேரிடம், போதைப்பொருளோ வெடிமருந்தோ ஒளித்து வைத்திருக்கும் சில இடங்கள் சிவப்புத் தாளால் குறிக்கப்பட்டிருக்கும் என்று சொல்லி அனுப்பினர். உண்மையில் எந்த இடத்திலும் எதுவும் வைக்கப்படவில்லை. ஆயினும் நாய்கள் மோப்பம் பிடித்துவிட்டதாகப் பல முறை அவர்கள் அறிவித்தனர்; அதுவும் சிவப்புத் தாள் ஒட்டிய இடங்களிலேயே மிகுதியாக அறிவித்தனர். நாய்க்குத் தாளின் பொருள் தெரியாது. உடன் சென்றவருக்குத் தெரியும். இல்லாததை இருப்பதாக நாய் காட்டிவிட்டால், வழக்கில் சிக்கும் ஏழை எவனோ?

பெர்லினுக்கே மீண்டும் போவோம். குதிரையின் மறையை அவிழ்த்த பின்னரும் ஃபுங்ஸ்ட் தம் ஆராய்ச்சியை நிறுத்தவில்லை. ஆராய்ச்சிக் கூடத்தில் அவரே குதிரையாக நின்றார். வந்தவரை ஓர் எண்ணை மனத்தில் நினைக்கச் சொல்லி, தம் கையால் தட்டிக்கொண்டே போவார். நினைத்தவரின் தலை நுண்ணிதாய் அசையும் நேரம் பார்த்து நிறுத்துவார். வந்தவர்களுள் பெரும்பாலோர், தாம் அசைந்ததையே அறியாமல், தம் மனத்திலிருந்த எண்ணை அவர் கண்டுபிடித்ததாக வியந்தனர்.

பிறகு அவர் தம்மையே சோதித்துக்கொண்டார். எந்த அசைவு குதிரைக்கு விடை சொல்கிறது என்பதை உலகத்திலேயே முதலில் அறிந்தவர் அவர். அதை அடக்கிக்கொண்டு குதிரையின் முன் நிற்க முயன்றார். முடியவில்லை. தட்டல் சரியான எண்ணை எட்டியதும் அவர் தலையும் அசைந்தது, குதிரை நிறுத்தியது. அட்டையில் உள்ள எண் அவருக்கே தெரியாதிருந்தபோதுதான் அவர் தலை குதிரைக்கு ஒன்றும் சொல்லவில்லை.